ஃபர்ம்வேர் ஜிப்பைப் பிரித்தாயிற்று: எந்தக் கோப்பு போர்டுக்கு, எந்த எண் எங்கே இருக்கிறது?

கேள்வியைச் சுருக்கினால் இதுதான். 3டி பிரிண்டரின் போர்டுக்குள் ஓடி அதை இயக்கும் நிரலான மார்லின் ஃபர்ம்வேரை ஜிப்பாக இறக்கியிருக்கிறீர்கள். பிரித்தால் ஏகப்பட்ட கோப்புகள். எப்படியோ ஒன்றை ஏற்றிவிட்டீர்கள். ஆனால் நீங்கள் மாற்றி எழுதிய எண்கள் எடுபடவில்லை. கூடவே மோட்டாருக்கு மின்னோட்டம் தரும் குட்டிப் பலகையான மோட்டார் டிரைவரையும் மாற்றியதால் ஓர் அச்சு பாதி தூரம்தான் நகர்கிறது. பிளாஸ்டிக் உருகி வரும் முனையான நாசிலும், அச்சு விழும் தட்டான பெட்டில் இடிக்கிறது.

நான்கும் தனித்தனித் தொல்லைகளாகத் தெரியும். அடியில் இருப்பவை இரண்டே விஷயங்கள். ஒவ்வொரு கோப்பும் யார் படிப்பதற்காக வைக்கப்பட்டது? ஒவ்வொரு எண்ணும் எந்த இடத்தில் குடியிருக்கிறது? இவை பிடிபட்டால் மற்றவை தானாக விளங்கும். அதனால் ஜிப்பிலிருந்தே தொடங்குகிறேன்.

பொதி முழுசாக வந்ததா

ஜிப் என்பது 1989-இல் ஃபில் காட்ஸும் அவருடைய பி.கே.வேர் நிறுவனமும் கொண்டுவந்த வடிவம். எந்த ஜிப்பை ஹெக்ஸ் எடிட்டரில் (பைட்டுகளைப் பதினாறடிமான எண்களாக அப்படியே காட்டும் மென்பொருளில்) திறந்தாலும் முதல் இரண்டு எழுத்துகள் பி, கே என்றிருப்பது அவருடைய பெயரின் முதலெழுத்துகள்தான். அதைவிட முக்கியமான செய்தி, ஜிப்பின் பொருளடக்கம் கோப்பின் கடைசியில் இருக்கிறது என்பது. இறக்கும்போது இணைப்பு பாதியில் அறுந்தால் அறுந்துபோவது அந்தப் பொருளடக்கம். அப்போது 'இது சரியான ஆர்க்கைவ் அல்ல' என்று முழுக் கோப்பையுமே மென்பொருள் மறுத்துவிடும். மறுபடி இறக்குவதுதான் வழி. சி.ஆர்.சி (ஒவ்வொரு கோப்புக்கும் ஜிப் குறித்துவைக்கும் சரிபார்ப்பு எண்) பிழை என்று வந்தால் கதை வேறு: பொருளடக்கம் நன்றாக இருக்கிறது, உள்ளே ஒரு கோப்பின் பைட்டுகள் கெட்டிருக்கின்றன. திரும்ப இறக்கியும் அதே பிழை வந்தால் பென் டிரைவையும் ரேமையும் சந்தேகப்படுங்கள்.

தார்-ஜி.இசட் வடிவத்தில் வந்த பொதி இதற்கு நேர் எதிர். தார் சுருக்காது, கோப்புகளை 512 பைட் கட்டங்களாக வரிசையாக அடுக்கிக் கட்டும், அவ்வளவுதான். சுருக்குவது ஜி-ஜிப்பின் வேலை. தாருக்குப் பொருளடக்கம் கிடையாது என்பதால், பாதியில் அறுந்த பொதியும் அறுந்த இடம் வரைக்கும் ஒழுங்காகப் பிரிந்துவிடும். கடைசியில் வரும் பிழைச் செய்தியைக் கவனிக்காமல் விட்டால், பார்வைக்கு நிறைவாகத் தெரியும் ஒரு குறை ஃபோல்டர் உங்கள் கையில் இருக்கும். கம்பைல் செய்யும்போது, அதாவது மூல நிரலைப் போர்டு ஓட்டக்கூடிய பைனரியாக மாற்றும்போது, 'இந்தக் கோப்பைக் காணோம்' என்று சம்பந்தமில்லாத இடத்திலிருந்து அலறும். விண்டோஸில் 7-ஜிப் கொண்டு பிரிப்பவர்களுக்கு இன்னொன்று: முதல் முறை பிரித்தால் தார் கோப்புதான் வரும், அதையும் ஒருமுறை பிரிக்க வேண்டும்.

வெளியிட்டவர் எஸ்.எச்.ஏ-256 எண் (கோப்பிலிருந்து கணக்கிட்ட, கைரேகை போன்ற எண்) கொடுத்திருந்தால் ஒப்பிட்டுப் பாருங்கள். அது 64 ஹெக்ஸ் எழுத்துகள் கொண்டது. 32 எழுத்துகள் மட்டும் இருந்தால் அது எம்.டி.5. விண்டோஸ் பவர்ஷெல்லில் கெட்-ஃபைல்ஹேஷ் என்ற கட்டளைக்குக் கோப்பின் பெயரைக் கொடுத்தால் எஸ்.எச்.ஏ-256 வந்துவிடும். ஜிப்புக்குள் இருக்கும் சி.ஆர்.சி தற்செயலாகக் கெட்டதைக் கண்டுபிடிக்கும். வேண்டுமென்றே யாராவது மாற்றியிருந்தால் கண்டுபிடிக்காது. மாற்றியவரே சி.ஆர்.சியையும் புதிதாகப் போட்டுவிடலாம்.

பிரிக்கும்போது செய்யும் தவறு ஒன்று மிகப் பரவலானது. விண்டோஸ், ஜிப்பை ஒரு ஃபோல்டர் போலவே திறந்து காட்டும். அதற்குள்ளேயே ஒரு கோப்பை இரட்டைக் கிளிக் செய்தால் அந்த ஒரு கோப்பு மட்டும் தற்காலிக இடத்துக்குப் பிரிந்து திறக்கும். பக்கத்தில் இருக்க வேண்டிய கோப்புகள் அங்கே இருக்காது. விண்டோஸ் டிரைவர் நிறுவல் பாதியில் நிற்பதற்கும் மாற்றிய கோப்பு சேமிக்கப்படாமல் போவதற்கும் பெரும்பாலும் இதுதான் காரணம். முழுவதையும் பிரித்துவிட்டு, பிரிந்த ஃபோல்டருக்குள் வேலை செய்யுங்கள்.

அந்த ஃபோல்டரை சி டிரைவின் மேல்மட்டத்திலேயே குட்டிப் பெயரில் வையுங்கள். விண்டோஸில் பாதையின் நீளம் வழக்கமாக 260 எழுத்துகளுக்குள் அடங்க வேண்டும். மார்லினின் உள்ஃபோல்டர்கள் ஏற்கெனவே ஆழமானவை. கம்பைலர் தன் பங்குக்கு இன்னும் ஆழமாகத் தோண்டும். டெஸ்க்டாப்பில் நான்கு ஃபோல்டருக்குள் வைத்தால் எல்லை தாண்டிவிடும். ஃபோல்டருக்குத் தமிழில் பெயர் வைப்பதையும் இந்த ஓர் இடத்தில் தவிர்க்கச் சொல்வேன். ஜிப்பில் கோப்பின் பெயர் யூ.டி.எஃப்-8-இல் இருக்கிறது என்று சொல்லத் தனியாக ஒரு பிட் உண்டு. அதைப் போடாத பழைய மென்பொருளில் கட்டிய ஜிப்பில் தமிழ்ப் பெயர்கள் கட்டம் கட்டமாகச் சிதைந்து வரும். சில கம்பைலர் கருவிகளுக்கும் ஆங்கில எழுத்தல்லாத பாதை ஒத்துவருவதில்லை.

எந்தக் கோப்பு யாருக்கு

முதலில் கையில் இருப்பது மூல நிரலா, கம்பைல் செய்து முடித்த பைனரியா என்று பாருங்கள். கிட்ஹப்பில் ஒவ்வொரு வெளியீட்டின் அடியிலும் மூல நிரல் ஜிப் ஒன்று தானாகவே ஒட்டிக்கொண்டிருக்கும். பலர் ஃபர்ம்வேர் என்று நினைத்து இறக்குவது அதைத்தான். உள்ளே மார்லின் என்ற ஃபோல்டரும் பிளாட்ஃபார்ம்-ஐ.ஓ.ஐ.என்.ஐ என்ற கோப்பும் தெரிந்தால் அது மூல நிரல். போர்டு அதைப் படிக்காது. அதிலுள்ள கான்ஃபிகரேஷன்.எச் கோப்பு கம்பைலருக்கானது. அதைத் திருத்தி, விஷுவல் ஸ்டுடியோ கோடில் பிளாட்ஃபார்ம்-ஐ.ஓ கொண்டு கம்பைல் செய்தால்தான் போர்டுக்கான பைனரி பிறக்கும். அது போய் உட்காரும் இடம் புள்ளியில் தொடங்கும் பி.ஐ.ஓ ஃபோல்டர், அதற்குள் பில்ட், அதற்குள் உங்கள் போர்டின் பெயர். லினக்ஸிலும் மேக்கிலும் புள்ளியில் தொடங்கும் ஃபோல்டர் கண்ணுக்குத் தெரியாது; கோப்பு மேலாளரில் மறைந்தவற்றைக் காட்டச் சொல்ல வேண்டும்.

வேறொருவருடைய கான்ஃபிகரேஷன் கோப்பை எடுத்துப் போடுவதானால் மார்லின் பதிப்பு ஒன்றாக இருக்க வேண்டும். அந்தக் கோப்பிலேயே ஒரு பதிப்பு எண் எழுதியிருக்கும். ஏற்க முடியாத பழையது என்றால் கம்பைலர் அங்கேயே நிறுத்திவிடும். அந்த எண்ணை மட்டும் மாற்றி அதன் வாயை அடைக்காதீர்கள். இடையில் பெயர் மாறிய அமைப்புகள் பத்தாவது இருக்கும்.

ஐ.என்.எஃப், எஸ்.ஒய்.எஸ், சி.ஏ.டி என்று முடியும் மூன்று கோப்புகள் சேர்ந்திருந்தால் அவை விண்டோஸுக்கான டிரைவர், பெரும்பாலும் சி.எச்.340 போன்ற யு.எஸ்.பி-சீரியல் சிப்புக்கானது. முதலாவது நிறுவும் குறிப்பு, இரண்டாவது டிரைவர், மூன்றாவது கையொப்பம். ஐ.என்.எஃபில் ஒரு வரியை மாற்றினாலும் கையொப்பம் பொருந்தாது. மேக்கில் கட்டிய ஜிப்பில் வரும் மேக்-ஓ.எஸ்.எக்ஸ் ஃபோல்டரும், புள்ளியும் அடிக்கோடுமாகத் தொடங்கும் குட்டிக் கோப்புகளும் குப்பை. போர்டில் செருகும் எஸ்.டி கார்டில் இருந்தால் அழித்துவிடுங்கள்.

போர்டுக்குப் போவது பி.ஐ.என் என்று முடியும் பைனரி, அல்லது ஹெக்ஸ் என்று முடியும் கோப்பு. ஹெக்ஸ் கோப்பைச் சாதாரண எடிட்டரிலேயே திறந்து பார்க்கலாம். ஒவ்வொரு வரியும் முக்காற்புள்ளியில் தொடங்கும். பிறகு எத்தனை பைட், எந்த முகவரி, என்ன வகை, அதன் பின் தரவு, கடைசி இரண்டு எழுத்து சரிபார்ப்பு. அந்த வரியின் பைட்டுகள் எல்லாவற்றையும் கூட்டி 256-ஆல் வகுத்தால் மீதி 0 வர வேண்டும். 16 பைட் தரவுக்கு 43 எழுத்துகள் ஆவதால் ஹெக்ஸ் கோப்பு பைனரியைப் போல இரண்டே முக்கால் மடங்கு பெரிதாக இருக்கும். சிப்பின் கொள்ளளவைவிடக் கோப்பு பெரிதாக இருக்கிறதே என்று பயப்பட வேண்டியதில்லை.

பைனரியில் முகவரியே கிடையாது. எங்கே வைக்கச் சொல்கிறோமோ அங்கே உட்காரும். தவறான இடத்தில் வைத்தாலும் ஒரு சொல் சொல்லாது. ஆகவே அதை ஒருமுறை ஹெக்ஸ் எடிட்டரில் திறந்து முதல் எட்டு பைட்டைப் பாருங்கள். எஸ்.டி.எம்.32 எஃப்103 போன்ற சிப்புக்கான நேரடி பைனரி என்றால் நாலாவது பைட் 20, எட்டாவது பைட் 08 என்றிருக்கும். முதல் நான்கு பைட், ஸ்டாக் (நிரல் தன் தற்காலிகக் குறிப்புகளை வைக்கும் ரேம் பகுதி) தொடங்கும் முகவரி. இந்தச் சிப்பில் ரேம் ஹெக்ஸ் 20000000-இல் தொடங்குகிறது. அடுத்த நான்கு, சிப் விழித்ததும் குதிக்க வேண்டிய முகவரி. நிரல் பதிந்திருக்கும் நினைவகமான ஃபிளாஷ் 08000000-இல் தொடங்குகிறது. முகவரிகள் தலைகீழாக எழுதப்படுவதால் பெரிய இலக்கம் கடைசியில் வருகிறது. ஐந்தாவதிலிருந்து 45 71 00 08 என்று கண்டால் அதைத் திருப்பி 08007145 என்று படிக்க வேண்டும்.

அந்த இடத்தில் கோணல் அடைப்புக்குறியும் எச்.டி.எம்.எல் என்ற எழுத்துகளும் தெரிந்தால், நீங்கள் சேமித்தது கோப்பை அல்ல, கோப்பு இருந்த இணையப் பக்கத்தை. இணைப்பின் மேல் வலது கிளிக் செய்து சேமிப்பவர்களுக்கு அடிக்கடி நடப்பது இது. 20-உம் 08-உம் இல்லை என்றதுமே கெட்ட கோப்பு என்று முடிவு கட்டவும் வேண்டாம். சில போர்டுகளின் பூட்லோடர் (போர்டு விழித்ததும் முதலில் ஓடி, புதிய ஃபர்ம்வேரை ஏற்றும் நிரல்) குறியாக்கம் செய்த பைனரியைத்தான் ஏற்கும். வேறு குடும்பத்துச் சிப்புகளில் ரேமும் ஃபிளாஷும் வேறு முகவரியில் இருக்கும்.

போர்டில் ஏற்றுவது

பெட்டியின் மேல் எழுதியிருக்கும் மாடல் பெயரை நம்பாதீர்கள். மூடியைத் திறந்து, போர்டில் அச்சிட்ட பதிப்பு எண்ணையும் பெரிய சிப்பின் மேல் பொறித்திருப்பதையும் படியுங்கள். ஒரே பெயரில் விற்கும் பிரிண்டருக்குள் வெவ்வேறு போர்டுகள் இருக்கும்; ஒரே பதிப்புப் போர்டில் வெவ்வேறு சிப்புகளும் இருக்கும். எஃப்103 ஆர்.சி.டி.6 என்றால் 256 கி.பை ஃபிளாஷ், ஆர்.இ.டி.6 என்றால் 512. 512-க்காகக் கம்பைல் செய்த பெரிய பைனரி 256-இல் அடங்காது.

அடுத்தது இட ஒதுக்கீடு. பல போர்டுகளில் ஃபிளாஷின் தொடக்கத்தில் பூட்லோடர் என்ற சிறு நிரல் இருக்கிறது. அதற்காக 28 கி.பை ஒதுக்கிய போர்டில் மார்லின் தொடங்குவது 08007000-இல். அந்தக் கணக்கில் கம்பைல் செய்த பைனரியை எஸ்.டி-லிங்க் கருவியால் 08000000-இல் எழுதினால் பூட்லோடர் அழியும், மார்லினும் ஓடாது. கார்டு வழியாக ஏற்றினால் இந்த ஆபத்தில்லை. பூட்லோடர் தன்னைத் தொடாமல் தனக்குப் பின்னால்தான் எழுதும்.

ஏற்றும் முன் ஒரு வேலை. பிரிண்டரை யு.எஸ்.பியில் இணைத்து, பிரான்டர்ஃபேஸ் போன்ற மென்பொருளில் எம்503 என்று அனுப்புங்கள். (கட்டளைகளை இங்கே தமிழில் எழுதுகிறேன், தட்டும்போது ஆங்கிலப் பெரிய எழுத்தில் தட்ட வேண்டும்.) பிரிண்டர் இப்போது வைத்திருக்கும் எல்லா எண்களையும் பட்டியலாகக் கொட்டும். அதை நகலெடுத்துச் சேமியுங்கள். பட்டியலின் பெரும்பாலான வரிகள் தாமே கட்டளைகள் என்பதால், பிறகு வேண்டிய வரியை அப்படியே திரும்ப அனுப்பலாம். பதிலுக்குப் பதிலாகப் புரியாத குறிகள் ஓடினால் பாட் ரேட் (இணைப்பின் வேகம்) தவறு: 115200 போட்டிருந்தால் 250000 போட்டுப் பாருங்கள். ஒன்றுமே வராவிட்டால் விண்டோஸின் யு.எஸ்.பி டிரைவரையோ, சார்ஜ் மட்டும் செய்யும் கேபிளையோ பாருங்கள்.

கார்டு 8 ஜி.பை அல்லது அதற்குக் கீழ் இருந்தால் நல்லது. 32-ஐத் தாண்டக் கூடாது. எஃப்.ஏ.டி.32, ஒதுக்கீட்டு அளவு 4096 பைட் என்று ஃபார்மட் செய்யுங்கள். 32-க்கு மேலான கார்டுகள் எக்ஸ்-ஃபேட்டில் வருகின்றன. பல பூட்லோடர்களுக்கு அது புரியாது. பைனரியை மட்டும், ஃபோல்டர் எதிலும் போடாமல் வையுங்கள். பெயர் போர்டுக்குப் போர்டு மாறும். பெரும்பாலானவை ஃபர்ம்வேர்.பி.ஐ.என் என்ற பெயரையே தேடும். சில, போன முறை ஏற்றிய அதே பெயரை மறுபடி கண்டால் பழைய கோப்பு என்று நினைத்து விட்டுவிடும். விண்டோஸ் பெயரின் வால்பகுதியை மறைத்துக் காட்டும் என்பதால், நீங்கள் பி.ஐ.என் என்று தட்டிப் பெயர் மாற்றினால் உண்மையில் அது இரண்டு தடவை பி.ஐ.என் என்று முடியும். பூட்லோடர் அதைக் கண்டுகொள்ளாது. எக்ஸ்ப்ளோரரில் வால்பகுதியைக் காட்டும் அமைப்பை முதலில் போட்டுவிடுங்கள்.

பிரிண்டரை அணைத்து, கார்டைச் செருகி, யு.எஸ்.பி கேபிளைக் கழற்றிவிட்டு இயக்குங்கள். திரை சில நொடிகள் வெறுமையாகவோ உறைந்தோ இருக்கும். அரை நிமிடம் கை வைக்காமல் பொறுங்கள். பிறகு கார்டைக் கணினியில் பாருங்கள். சில போர்டுகள் வேலை முடிந்ததும் கோப்பின் வாலை சி.யு.ஆர் என்று மாற்றிவிடும். அப்படிப்பட்ட போர்டில் இன்னும் பி.ஐ.என் என்றே இருந்தால் பூட்லோடர் கோப்பைத் தொடவே இல்லை என்று பொருள்: பெயரிலோ கார்டிலோ கோளாறு. மாறியிருந்தும் திரை வரவில்லை என்றால் பைனரி இந்தப் போர்டுக்கானது அல்ல. இரண்டாவது நிலையிலும் போர்டு செத்துவிடவில்லை. பூட்லோடர் இருக்கும் வரை சரியான பைனரியைக் கார்டில் வைத்து மறுபடி ஏற்றலாம்.

மாற்றிய எண் ஏன் எடுபடவில்லை

இதுதான் உங்கள் கேள்வியின் நடுமையம். ஃபிலமென்ட் என்ற பிளாஸ்டிக் இழையைத் தள்ளும் எக்ஸ்ட்ரூடருக்கு, ஒரு மி.மீக்கு எத்தனை ஸ்டெப் என்று கான்ஃபிகரேஷன் கோப்பில் 93 என்றிருந்ததை 98.9 ஆக்கினீர்கள் என்று வைத்துக்கொள்வோம், கம்பைல் செய்தீர்கள், ஏற்றினீர்கள். பிரிண்டர் இன்னும் 93-லேயே ஓடுகிறது. ஏற்றியதில் தவறில்லை. ஓர் எண்ணுக்கு நான்கு இருப்பிடங்கள் இருக்கின்றன.

முதலாவது, கம்பைல் செய்த பைனரிக்குள் பதிந்த தொடக்க மதிப்பு. இரண்டாவது, மின்சாரம் போனாலும் அழியாத ஈஈப்ராம். மூன்றாவது, இப்போது ஓடிக்கொண்டிருக்கும் ரேம். நான்காவது, 3டி வடிவத்தை அடுக்குகளாக வெட்டும் ஸ்லைசர் மென்பொருள் எழுதித் தரும் ஜி-கோட் (பிரிண்டருக்கான கட்டளைகள்) கோப்பின் முதல் வரிகள். மார்லின் விழித்ததும் ஈஈப்ராமைத் திறந்து அதன் பதிப்பு எண்ணையும் சி.ஆர்.சியையும் பார்க்கும். பொருந்தினால் அங்கிருந்து ரேமுக்கு எடுத்துக்கொள்ளும். பொருந்தாவிட்டால்தான் பைனரிக்குள் இருக்கும் மதிப்புகள் வரும். புதிய ஃபர்ம்வேரின் ஈஈப்ராம் பதிப்பு பழையதோடு பொருந்திவிட்டால் பழைய 93 மறுபடி வந்து உட்காரும். உங்கள் 98.9 பைனரிக்குள் பத்திரமாக இருக்கிறது. யாரும் அதைக் கேட்கவில்லை.

எனவே ஏற்றியவுடன் எம்502, அடுத்து எம்500. எம்502 பைனரியின் மதிப்புகளை ரேமுக்குக் கொண்டுவரும், அதற்கு மேல் ஒன்றும் செய்யாது. எம்500 அனுப்பினால்தான் ரேமில் இருப்பது ஈஈப்ராமில் எழுதப்படும். இரண்டாவதை மறந்தால், அணைத்துப் போட்டதும் பழைய கதைதான். எம்501 ஈஈப்ராமிலிருந்து ரேமுக்குத் திரும்ப எடுக்கும். எம்503 ரேமில் இருப்பதைக் காட்டும். ஈஈப்ராமில் இருப்பதைக் காட்டுகிறது என்று நினைத்து ஏமாறாதீர்கள். சேமித்ததா என்று உறுதியாக அறிய, அணைத்துப் போட்டுவிட்டு எம்503 பார்க்க வேண்டும்.

எம்503 சரியாகக் காட்டியும் அச்சிடும்போது வேகமோ முடுக்கமோ வேறாக இருந்தால், ஜி-கோட் கோப்பை எடிட்டரில் திறந்து முதல் ஐம்பது வரிகளைப் பாருங்கள். பிரூசா ஸ்லைசர் போன்றவை எம்201, எம்203, எம்204, எம்205 வரிகளைத் தாமே எழுதக்கூடியவை. கடைசியாக வந்த கட்டளை எதுவோ அதுவே ரேமில் நிற்கும். இன்னொரு மூலை: சில போர்டுகளில் ஈஈப்ராம் சிப்பே கிடையாது, ஃபிளாஷின் ஓரத்திலோ எஸ்.டி கார்டிலோ அதைப் பாவனை செய்வார்கள். கார்டில் பாவனை செய்த போர்டில் வேறு கார்டைப் போட்டால் அமைப்புகள் காணாமல்போகும்.

எல்லா எண்ணும் ஈஈப்ராமுக்கு வருவதில்லை. தெர்மிஸ்டர் (வெப்பம் அளக்கும் சென்சார்) வகையும் எண்ட்ஸ்டாப்பின் (அச்சின் எல்லையைக் காட்டும் சுவிட்சின்) திசையும் வழக்கமாகக் கம்பைல் செய்யும்போதே முடிவாகிவிடும். மாற்ற மறுபடி கம்பைல்தான். தெர்மிஸ்டர் சரியா என்று பார்ப்பது சுலபம். இரவு முழுக்க அணைத்து வைத்த பிரிண்டரைப் போட்டதும் நாசில், பெட் இரண்டும் அறையின் வெப்பத்தை ஒட்டிக் காட்ட வேண்டும். ஒன்று 20 பாகை தள்ளிக் காட்டினால் சூடேற்றவே வேண்டாம். குளிரில் சரியாகக் காட்டுவது மட்டும் போதாது, சூட்டில் விலகும் வகைகளும் உண்டு. ஆகவே தெர்மிஸ்டரின் வகையை வாங்கிய இடத்து விவரத்தோடு ஒப்பிடுங்கள். வெப்பப் பாதுகாப்பு வரிகளின் முன்னால் இரட்டைச் சாய்கோடு இருந்தால் அது அணைக்கப்பட்டிருக்கிறது. அந்த ஃபர்ம்வேரை எந்தக் காரணத்துக்காகவும் ஏற்றாதீர்கள். சென்சார் கழன்று விழுந்தால் ஹீட்டர் நிற்காமல் எரியும்.

பாதி தூரம்: ஜம்பரும் கணக்கும்

ஸ்டெப் என்பது மோட்டார் ஒரு தடவையில் திரும்பும் சிறு அளவு. ஒரு மி.மீக்கு எத்தனை ஸ்டெப் என்பது இயந்திரத்தின் பல்லும் பெல்ட்டும் சொல்லும் எண். ஊகிக்க வேண்டியதில்லை. ஒரு சுற்றுக்கு 200 ஸ்டெப் எடுக்கும் மோட்டார், 16 மைக்ரோஸ்டெப் (ஒவ்வொரு ஸ்டெப்பையும் டிரைவர் 16 துண்டாகப் பிரிப்பது), 2 மி.மீ இடைவெளிப் பெல்ட், 20 பல் புல்லி என்றால்: 200 × 16 ÷ 40 = 80. சுற்றுக்கு 8 மி.மீ ஏறும் லீட் ஸ்க்ரூ என்றால் 200 × 16 ÷ 8 = 400.

உங்கள் பாதி தூரத்துக்குக் காரணம் அந்த 16-இல் இருக்கிறது. ஏ.4988 டிரைவரின் அடியில் மூன்று ஜம்பர்களும் (இரண்டு பின்களை இணைக்கும் குட்டி மூடிகள்) போட்டிருந்தால் 16 மைக்ரோஸ்டெப். அதே மூன்று ஜம்பர்களின் மேல் டி.ஆர்.வி.8825-ஐச் செருகினால் 32. ஃபர்ம்வேர் இன்னும் 80 என்றே நினைப்பதால் 10 மி.மீ கேட்டால் 5 மி.மீதான் நகரும். எம்92-இல் 160 ஆக்குங்கள், அல்லது ஒரு ஜம்பரை மாற்றி 16-க்கு இறக்குங்கள். 8 பிட் போர்டாக இருந்தால் இரண்டாவதையே சொல்வேன். இரட்டிப்பு ஸ்டெப் அனுப்ப அதற்கு மூச்சு வாங்கும். டி.எம்.சி.2208, 2209 வகைகளைத் தனியாக ஓடும் முறையில் போட்டால் எம்.எஸ்1, எம்.எஸ்2 இரண்டிலும் ஜம்பர் இருக்கையில் 16, இரண்டையும் எடுத்துவிட்டால் 8. மூன்றாவது ஜம்பர் இருந்த இடத்தில் இவற்றுக்கு வேறு வேலை கொண்ட பின் இருக்கலாம். மாட்யூலின் படத்தைப் பார்க்காமல் அதை விட்டுவைக்காதீர்கள்.

மின்னோட்டத்துக்கான குட்டித் திருகாணியும் டிரைவரோடு சேர்ந்து பொருள் மாறும். 0.1 ஓம் உணர்வு மின்தடை கொண்ட ஏ.4988-இல் 1 ஆம்பியருக்கு ஒப்பீட்டு மின்னழுத்தம் 0.8 வோல்ட். அதே மின்தடை கொண்ட டி.ஆர்.வி.8825-இல் 0.5 போதும். பழைய பழக்கத்தில் 0.8 வைத்தால் 1.6 ஆம்பியர் ஓடி மோட்டார் கையைச் சுடும். டி.எம்.சி.2208-இல் 0.11 ஓம் மின்தடைக்கு 1 வோல்ட் என்பது சுமார் 0.7 ஆம்பியர், அதுவும் ஆர்.எம்.எஸ் (பயனுறு சராசரி) கணக்கில், உச்ச அளவு 1 ஆம்பியர். அளக்கும்போது மல்டிமீட்டரின் கறுப்பு முனை போர்டின் நெகட்டிவிலும் சிவப்பு முனை திருகாணியின் மேலும் இருக்கட்டும். யு.ஏ.ஆர்.டி இணைப்பில் (போர்டு டிரைவரோடு நேரடியாகப் பேசும் தொடர் இணைப்பில்) ஓடும் டிரைவர்களுக்கு வழக்கமாக இந்தத் திருகாணியே தேவையில்லை: எம்906-இல் மில்லி ஆம்பியரைச் சொல்லி எம்500 போட்டால் ஈஈப்ராமில் உட்காரும். மின்சாரம் இருக்கும்போது மோட்டார் கேபிளையோ டிரைவரையோ உருவாதீர்கள், டிரைவர் போய்விடும். திருப்பிச் செருகினாலும் அதே கதிதான்.

எக்ஸ்ட்ரூடர் மட்டும் அளந்து திருத்த வேண்டியது, பல்சக்கரம் ஃபிலமென்டைக் கடிக்கும் ஆழத்தைக் கணக்கில் பிடிக்க முடியாது. பி.எல்.ஏ வகைப் பிளாஸ்டிக்குக்கு 200 பாகை வரை நாசிலைச் சூடாக்குங்கள். 170-க்குக் கீழே மார்லின் ஃபிலமென்டைத் தள்ள மறுப்பது அதன் இயல்பான பாதுகாப்பு. நுழைவாயிலிலிருந்து 120 மி.மீ தள்ளி ஃபிலமென்டில் கோடு போடுங்கள். தள்ளும் நீளத்தை இப்போதிருக்கும் நிலையிலிருந்து கணக்கிடச் சொல்லும் எம்83-ஐ அனுப்பிவிட்டு, நிமிடத்துக்கு 100 மி.மீ வேகத்தில் 100 மி.மீ தள்ளச் சொல்லுங்கள். மீதி 20 இருக்க வேண்டும். 26 இருந்தால் 94தான் போயிருக்கிறது: 93 × 100 ÷ 94 = 98.9. எம்92 ஈ98.9, எம்500, மறுபடி ஒருமுறை அளவு. வேகமாகத் தள்ளிச் சோதித்தால் சக்கரம் வழுக்கும். கிடைக்கும் எண் வழுக்கலின் எண்ணாக இருக்கும்.

எக்ஸ், ஒய் எண்களை 20 மி.மீ கனசதுரம் அச்சிட்டு அளந்து திருத்தச் சொல்பவர்கள் உண்டு. செய்யாதீர்கள். அதில் வரும் 0.1 மி.மீ பிழை பிளாஸ்டிக் கூடுதலாக வழிவதிலிருந்து வருகிறது. ஸ்டெப் எண்ணில் அதைத் திருத்தினால் 200 மி.மீ நீளத் துண்டில் 1 மி.மீ பிழையாக வளரும்.

நாசில் ஏன் இடிக்கிறது

நீங்கள் எம்502 போட்டிருந்தால், பிரோப்பின் (பெட்டின் உயரத்தைத் தொட்டறியும் சென்சாரின்) இசட் ஆஃப்செட்டும் பைனரியில் இருந்த மதிப்புக்குப் போயிருக்கும். பிரோப் தட்டும் கணத்தில் நாசில் பெட்டுக்கு மேலே எவ்வளவு உயரத்தில் நிற்கிறதோ, அதையே மைனஸ் குறியோடு எழுதுவது ஆஃப்செட். 0 என்றிருந்தால் நாசில் காற்றில் அச்சிடும், இடிக்காது. இடிக்கிறது என்றால் இருக்க வேண்டியதைவிட அதிக மைனஸ் இருக்கிறது. வேறு பிராக்கெட்டுக்காக −3.1 என்று எழுதிய கான்ஃபிகரேஷனை நீங்கள் எடுத்திருந்து, உங்கள் உண்மையான அளவு −1.6 என்றால், நாசில் 1.5 மி.மீ பெட்டுக்குள் இறங்கப் பார்க்கும். பிரோப்பின் எக்ஸ், ஒய் தூரமும் அந்தக் கோப்பில் வேறாக இருக்கலாம். ஹோம் செய்யும்போது (அச்சுகள் தம் தொடக்க இடத்தைத் தேடிப் போகும்போது) பிரோப் பெட்டின் விளிம்புக்கு வெளியே இறங்கினால் எதையும் தொடாமல் போய்க்கொண்டே இருக்கும். அதனால் முதல் ஹோமிங்குக்கு முன் எம்119 அனுப்பி, ஒவ்வோர் எண்ட்ஸ்டாப்பையும் பிரோப்பையும் விரலால் தொட்டு நிலை மாறுகிறதா என்று பாருங்கள். முதல் ஹோமிங்கின்போது மின் சுவிட்சில் கை இருக்கட்டும்.

புதிதாக அமைக்க, பெட்டையும் நாசிலையும் அச்சிடும் வெப்பத்துக்குக் கொண்டுவந்து நாசிலின் நுனியைத் துடையுங்கள். எம்851 இசட்0 அனுப்பி ஜி28-ஆல் ஹோம் செய்யுங்கள். பெட்டின் நடுவில் நிறுத்தி, எம்211 எஸ்0 அனுப்பி மென்பொருள் எல்லையைத் தற்காலிகமாக நீக்குங்கள். இதைச் செய்யாவிட்டால் 0-க்குக் கீழே இறங்க மறுக்கும். சாதாரண அச்சுத்தாள் ஒன்றை அடியில் வைத்து 0.1 மி.மீ வீதம் இறக்குங்கள். தாள் உரசத் தொடங்கியதும் 0.02 வீதம். தாளை இழுத்தால் பிடிப்பு தெரிய வேண்டும், கிழியக் கூடாது. அப்போது திரையில் −1.62 என்றிருந்தால் எம்851 இசட்−1.62, எம்211 எஸ்1, எம்500. பிரிண்டரை அணைத்துப் போட்டு எம்503 அனுப்புங்கள். எம்851 வரியில் −1.62 நின்றால் ஹோம் செய்து, இசட்டை 5 மி.மீயிலிருந்து மெதுவாக 0-க்கு இறக்கித் தாளை மறுபடி வைத்துப் பாருங்கள். அதே பிடிப்பு கிடைத்த பிறகு அச்சுக்குக் கொடுங்கள்.